பிள்ளையின் செலவுப் பணம் விவாகரத்து முடியும்வரை காத்திருக்க வேண்டியதில்லை

"கேஸ் போட்டு ஒரு வருசத்துக்கு மேல ஆச்சு. ஒவ்வொரு தடவையும் அடுத்த டேட் குடுத்து அனுப்பிடுறாங்க. பிள்ளைங்களுக்கு இன்னும் ஒரு வெள்ளி வரல." மலேசியாவின் பேராக் மாநிலத்தில், சுங்கை சிப்புட் சுற்றுவட்டாரத் தோட்டங்களில், கணவனைப் பிரிந்து பிள்ளைகளோடு இருக்கும் பெண்களிடம் பேசினால் இந்தப் பேச்சு ஏதாவது ஒரு வடிவில் வந்துவிடும். என்ன கேஸ் போட்டீர்கள் என்று கேட்டால், "டைவர்ஸ் கேஸ்தான்" என்பார்கள். பிள்ளைச் செலவுக்குத் தனியாக மனு கொடுத்தீர்களா என்றால், "அது டைவர்ஸ் முடிஞ்சாத்தானே?" என்று நம்மையே திருப்பிக் கேட்பார்கள்.

அப்படி எந்தச் சட்டமும் சொல்லவில்லை. விவாகரத்து வழக்கு எத்தனை வருடம் ஓடினாலும், பிள்ளையின் பராமரிப்புத் தொகையை முன்னதாகவே கேட்கலாம். விவாகரத்தே கேட்காமலும் கேட்கலாம். இது தெரியாததால் எத்தனையோ பிள்ளைகளின் பள்ளிக்கூட பஸ் காசு அம்மா வாங்கும் கடனில் போய்க்கொண்டிருக்கிறது. வழக்கு எங்கே, ஏன் தேங்குகிறது, அதில் எதை நம்மால் குறைக்க முடியும் என்பதை அடிப்படையிலிருந்து சொல்கிறேன். முஸ்லிம் குடும்பங்களுக்கு ஷரியா நீதிமன்றமும் அதற்கான தனிச் சட்டமும் உண்டு. இங்கே சொல்வதெல்லாம் மற்றவர்களுக்கான சிவில் சட்டம்.

முதலில் கடமை யாருடையது என்று பார்ப்போம். 1976ஆம் ஆண்டின் திருமண, மணவிலக்குச் சட்டம் (சட்டம் 164) 1982 மார்ச் 1 முதல் நடப்பில் இருக்கிறது. அதன் 92ஆம் பிரிவு, பிள்ளையைப் பராமரிப்பது பெற்றோரின் கடமை என்கிறது. தங்க இடம், உடை, உணவு, படிப்பு ஆகிய நான்கையும் பெயர் சொல்லியே குறிப்பிடுகிறது. பிள்ளை யாரிடம் வளர்கிறது என்பது இந்தக் கடமையை மாற்றாது. "பிள்ளையைக் கண்ணுல காட்ட மாட்டேங்கிறா, நான் ஏன் காசு குடுக்கணும்?" என்று சில அப்பாக்கள் சொல்வதுண்டு. பிள்ளையைப் பார்க்கும் உரிமைக்குத் தனியாக நீதிமன்றத்தைக் கேட்கலாம். அதைக் காரணம் காட்டிச் சோற்றுக்காசை நிறுத்த முடியாது. தாய்க்கு வருமானம் இருந்தால் அவரும் தன் பங்கைத் தர வேண்டும் என்று நீதிமன்றம் சொல்லலாம். எவ்வளவு என்பது இருவரின் வசதியையும் பிள்ளையின் தேவையையும் பார்த்து முடிவாகும். பிள்ளைக்கு இத்தனை வெள்ளி என்று நிலையான கணக்கு எதுவும் சட்டத்தில் கிடையாது.

இப்போது விவாகரத்து வழக்கு போகும் பாதையைப் பாருங்கள், தாமதம் எங்கே இருக்கிறது என்று தானாகவே தெரியும். இருவரும் ஒத்துக்கொண்டு கூட்டு மனு போட்டால் பாதை சுருக்கம். ஒருவர் மட்டும் கேட்டால், பொதுவாக முதலில் தேசியப் பதிவிலாகாவில், நம் ஊரில் எல்லோரும் ஜேபிஎன் என்கிறோமே அங்கே, திருமணத் தீர்ப்பாயத்துக்குப் போக வேண்டும். சேர்த்து வைக்க முடியுமா என்று பார்க்க அவர்களுக்கு ஆறு மாதம்வரை அவகாசம் உண்டு. முடியவில்லை என்ற சான்றிதழ் கிடைத்த பிறகுதான் உயர் நீதிமன்றத்தில் மனு. பேராக்கில் அது ஈப்போவில் இருக்கிறது, தைப்பிங்கில் இருக்கிறது. மனுவைக் கணவரின் கையில் சேர்க்க வேண்டும். அவர் பதில் போட வேண்டும். பிள்ளை யாரிடம், வீடு யாருக்கு, நகை யாருக்கு என்று ஒவ்வொன்றும் தனித்தனிச் சண்டையாக வளரும். தீர்ப்பு வந்தாலும் முதலில் வருவது இடைக்கால ஆணை. அது முழு ஆணையாவதற்குச் சாதாரணமாக மூன்று மாதம்.

இந்தப் பாதையின் கடைசியில்தான் பிள்ளையின் பணம் இருக்கிறது என்று நினைத்தால், ஒன்றாம் ஆண்டில் இருந்த பிள்ளை மூன்றாம் ஆண்டுக்குப் போயிருக்கும்.

ஆனால் அதே சட்டத்தின் 93ஆம் பிரிவு, பிள்ளைக்கான தொகையை நீதிமன்றம் எந்த நேரத்திலும் உத்தரவிடலாம் என்கிறது. தகப்பன் நியாயமான அளவு கொடுக்க மறுத்தால் உத்தரவிடலாம், மனைவியைக் கைவிட்டுப் போயிருந்து பிள்ளை அந்த மனைவியிடம் இருந்தால் உத்தரவிடலாம், வழக்கு நடந்துகொண்டிருக்கும்போதும் உத்தரவிடலாம். ஆகவே விவாகரத்து மனு ஏற்கெனவே போட்டிருந்தால், உங்கள் வழக்கறிஞரிடம் கேட்க வேண்டிய கேள்வி ஒன்றுதான்: "பிள்ளைகளுக்கு இடைக்காலப் பராமரிப்பு மனு போட்டாச்சா?" போடவில்லை என்றால் இப்போது போடச் சொல்லுங்கள். கேட்பதற்குத் தயங்க வேண்டாம், அது அவர் வேலை. முக்கிய வழக்கு எவ்வளவு இழுத்தாலும், இந்த உத்தரவு வந்த மாதத்திலிருந்து பணம் வரத் தொடங்க வேண்டும்.

விவாகரத்து மனுவே போடாதவர்களுக்கு இன்னொரு வழி இருக்கிறது. 1950ஆம் ஆண்டின் மணமான பெண்கள், பிள்ளைகள் பராமரிப்புச் சட்டம் (சட்டம் 263). தோட்டத்துப் பெண்களுக்கு இதுதான் அதிகம் பயன்படும் சட்டம் என்பது என் கருத்து. ஆனால் இதைப் பற்றித்தான் குறைவாகப் பேசுகிறோம். இதற்கு உயர் நீதிமன்றம் போக வேண்டாம், செஷன்ஸ் அல்லது மாஜிஸ்திரேட் நீதிமன்றம் போதும். ஜேபிஎன் தீர்ப்பாயத்துச் சான்றிதழ் வேண்டாம். விவாகரத்து வேண்டும் என்றுகூடச் சொல்ல வேண்டாம். மனைவியையோ, தன்னைத் தானே காப்பாற்றிக்கொள்ள முடியாத பிள்ளையையோ ஒருவர் பராமரிக்கத் தவறினார் அல்லது மறுத்தார் என்று காட்டினால், மாதாமாதம் இவ்வளவு கொடு என்று நீதிமன்றம் உத்தரவிடலாம்.

இதில் இரண்டு விஷயங்களைக் கொஞ்சம் நின்று பார்க்க வேண்டும். கோயிலில் தாலி கட்டி, விருந்தும் வைத்து, ஜேபிஎன்னில் பதியாமலே விட்ட கல்யாணங்கள் நம் தோட்டங்களில் உண்டு. பிரிவு வரும்போதுதான் அதன் கஷ்டம் தெரியும். மனைவி என்ற முறையில் கேட்பது அங்கே சிக்கலாகிவிடும். ஆனால் இந்தச் சட்டம் சட்டப்படியான திருமணத்துக்கு வெளியே பிறந்த பிள்ளைக்கும் தகப்பனிடம் பராமரிப்புக் கேட்க இடம் தருகிறது. "பதியாத கல்யாணம், உனக்கு ஒண்ணும் கிடைக்காது" என்று யாராவது சொன்னால், பிள்ளையைப் பொறுத்தவரை அது தவறு. பிறப்புப் பத்திரத்தில் தகப்பன் பெயர் இருந்தால் வேலை எளிது. இல்லாவிட்டால் அவர்தான் தகப்பன் என்று நிரூபிக்கவே காலம் போகும், அதனால் அதற்கான ஆதாரங்களை முதலிலேயே தேடி வையுங்கள்.

இன்னொன்று, தேதி. இந்தச் சட்டத்தின் கீழ், பராமரிக்காமல் விட்ட நாளிலிருந்தே தொகையைக் கணக்கிட இடமிருக்கிறது. அதற்குப் பிந்திய ஒரு தேதியிலிருந்து என்றும் நீதிமன்றம் சொல்லலாம். அதனால் அவர் எந்த மாதம் கொடுப்பதை நிறுத்தினார் என்பதற்கு ஆதாரம் இருந்தால், வழக்கு இழுத்த மாதங்கள் முழுவதும் வீணாகப் போக வேண்டியதில்லை.

சரி, இந்தக் குறுக்கு வழியிலும் தாமதம் வராதா? வரும். பெரும்பாலும் முதல் அடியிலேயே வரும், சம்மன் சேர்ப்பதில்.

எதிராளியின் கைக்கு சம்மன் போய்ச் சேர்ந்தது என்று தெரியாமல் நீதிமன்றம் வழக்கை எடுக்காது. அது நியாயமும்கூட. ஆனால் நம் ஆட்களின் நிலைமையை யோசித்துப் பாருங்கள். மைகாட் அடையாள அட்டையில் இருப்பது பழைய தோட்டத்து லயத்து முகவரி. ரப்பரை வெட்டிச் செம்பனை போட்டார்கள், லயத்தை இடித்தார்கள், குடும்பம் தாமானுக்கு, அதாவது வீடமைப்புப் பகுதிக்கு, போய்விட்டது. அவரோ கிள்ளானில் லோரி ஓட்டுகிறார், அல்லது ஜொகூரில் வாடகை அறையில் இருந்துகொண்டு தினமும் பாலம் தாண்டிச் சிங்கப்பூருக்கு வேலைக்குப் போகிறார். சம்மன் எடுத்துப் போனவர் "இந்த முகவரியில் ஆள் இல்லை" என்று எழுதித் திருப்பிக் கொடுப்பார். வழக்கு அடுத்த தேதிக்குப் போகும். அப்புறம் அதே முகவரிக்கு இன்னொரு முயற்சி, இன்னொரு தேதி.

இந்த இடத்தில் தாய் செய்யக்கூடியது நிறைய இருக்கிறது. அவர் இப்போது எங்கே தூங்குகிறார், எங்கே வேலை செய்கிறார், எந்த லோரி நம்பர், முதலாளி பெயர் என்ன, அவருடைய அம்மா வீடு எங்கே, எந்தக் கைத்தொலைபேசி எண்ணுக்கு அழைத்தால் எடுக்கிறார் என்று எல்லாவற்றையும் மனு போடும் முன்பே எழுதி வழக்கறிஞரிடம் கொடுத்துவிட வேண்டும். நேரில் சேர்க்க முயன்றும் முடியவில்லை என்றால், மாற்று முறையில் சேர்க்க அனுமதி கேட்கலாம். கடைசியாக இருந்த வீட்டுக் கதவில் ஒட்டுவது, நீதிமன்றப் பலகையில் ஒட்டுவது, பத்திரிகையில் விளம்பரம் போடுவது போன்றவை அந்த வழிகள். இந்த அனுமதி தானாக வராது, மனு போட்டால்தான் வரும். சம்மன் திரும்பி வந்தால் அடுத்த தேதிவரை சும்மா இருக்காமல், மாற்று முறைக்கு எப்போது மனு போடுகிறோம் என்று அன்றைக்கே கேளுங்கள்.

இரண்டாவது இழுபறி, வருமானம். அரசாங்க வேலையோ பெரிய நிறுவனமோ என்றால் சம்பளச் சீட்டு இருக்கும். கொந்தராக் (ஒப்பந்த) வேலை, கையில் காசு என்றால், "எனக்கு நிரந்தர வேலை இல்லை, கிடைக்கிற அன்றைக்குத்தான்" என்று சத்தியப் பிரமாணத்திலேயே எழுதிக் கொடுத்துவிடுவார். அதை மறுக்க அம்மாவிடம் தாள் இருக்காது. மறுபடி அவகாசம், மறுபடி தேதி. பழைய சம்பளச் சீட்டு, அவர் முன்பு பேங்கில் போட்ட பணத்தின் ரசீது, கார் அல்லது மோட்டார் தவணை விவரம், புது வண்டியோடு அவரே சமூக ஊடகத்தில் போட்ட படம் எல்லாமே உதவும். "இவ்வளவு சம்பாதிக்கிறார்" என்று வாயால் சொல்வதைவிட, "இந்த மாதம் இந்தத் தேதியில் 600 வெள்ளி போட்டார், அதற்கு அடுத்த மாதத்திலிருந்து நிறுத்திவிட்டார்" என்று காட்டும் ஒரு ரசீதுக்கு நீதிமன்றத்தில் மதிப்பு அதிகம்.

அம்மாவின் பக்கக் கணக்கும் அப்படித்தான் இருக்க வேண்டும். ஒரு பள்ளிக்கூட நோட்டு போதும். இடது பக்கம் தேதி, நடுவில் எதற்குச் செலவு, வலது பக்கம் எவ்வளவு. பள்ளி பஸ், டியூஷன், பால் மாவு, காய்ச்சலுக்குப் போன கிளினிக், சீருடை, தீபாவளிக்கு எடுத்த துணி. ரசீது இருந்தால் அந்தப் பக்கத்திலேயே பின் அடித்து வையுங்கள். பின்பக்கத்தில் அவர் கொடுத்த பணம்: தேதி, தொகை, கையிலா பேங்கிலா. கொடுக்காத மாதத்தையும் விடாமல் "இல்லை" என்று எழுதுங்கள். மளிகைக் கடை ரசீதின் மை சில மாதத்தில் மங்கிப்போகும், அதனால் கைத்தொலைபேசியில் படம் எடுத்து வைப்பது நல்லது. "மாதம் ஆயிரம் வேண்டும்" என்று மொத்தமாகக் கேட்கும் மனுவை எதிர்த்தரப்பு எளிதாக உடைத்துவிடும். இப்படி ஒரு நோட்டோடு கேட்கும் மனுவை உடைக்க அவர்கள்தான் சிரமப்பட வேண்டும்.

தேதி தள்ளிப்போவதைப் பற்றிப் பேசினால் கோபம் வராமல் இருக்காது. எதிர்த்தரப்பு வரவில்லை, வழக்கறிஞருக்கு எம்சி (மருத்துவ விடுப்பு), பத்திரம் இன்னும் தாக்கல் ஆகவில்லை, நீதிபதி மாற்றலாகிப் போனார் என்று காரணங்கள் வரிசையாக வரும். அரசாங்கத்தின் குறைந்தபட்சச் சம்பளம் 2025 பிப்ரவரியிலிருந்து 1,700 வெள்ளி. மாதம் 26 நாள் வேலை என்று வைத்தால், ஒரு நாள் போனால் சுமார் 65 வெள்ளி போகிறது. அதற்கு மேல் ஈப்போவுக்குப் பஸ், சாப்பாடு, பள்ளி விட்டு வரும் பிள்ளையைப் பார்த்துக்கொள்பவருக்குக் கொடுப்பது. காலையில் பெரட்டுக்கு (தோட்டத்தில் வேலைக்கு ஆள் எடுக்கும் இடத்துக்கு) போகாமல் நீதிமன்ற வராந்தாவில் உட்கார்ந்திருந்து, பெயர் கூப்பிட்டு ஐந்து நிமிடத்தில் அடுத்த தேதி வாங்கிக்கொண்டு வரும் தாய்க்கு, தள்ளிவைப்பு என்பது நேரடியான பண இழப்பு. இந்த இழப்பை எந்தப் பத்திரத்திலும் பதிவு செய்வதில்லை. அது அநியாயம் என்றே நினைக்கிறேன்.

எல்லாத் தேதியும் விசாரணைத் தேதி கிடையாது என்பதையும் தெரிந்துகொள்ள வேண்டும். பல தேதிகள் வழக்கு மேலாண்மைக்காக வைக்கப்படுபவை. யார் என்ன பத்திரம் தாக்கல் செய்தார், இன்னும் என்ன பாக்கி என்று பார்ப்பதற்கு மட்டும். வழக்கறிஞர் இருந்தால், அன்றைக்கு நீங்கள் நேரில் வரத்தான் வேண்டுமா என்று முன்கூட்டியே கேளுங்கள். பல சமயம் வேண்டாம் என்பார், ஒரு நாள் சம்பளம் மிஞ்சும். விசாரணை அன்றைக்கு மட்டும் எது வந்தாலும் போய்விடுங்கள். மனு போட்டவரே வராவிட்டால் வழக்கு தள்ளுபடியாகவும் கூடும்.

மொழியை மறந்துவிட வேண்டாம். நீதிமன்றம் மலாயில் நடக்கிறது. தமிழில்தான் தெளிவாகப் பேச முடியும் என்றால் மொழிபெயர்ப்பாளரைக் கேட்கலாம், ஜுருபாசா என்று சொன்னால் புரியும். அன்று காலையில் போய்க் கேட்டால், ஆள் இல்லை என்று இன்னொரு தேதி விழலாம். முந்திய தேதியிலேயே சொல்லி வைத்துவிடுங்கள். அரைகுறை மலாயில் "யா, யா" என்று தலையாட்டிவிட்டு, வெளியே வந்து "நான் அதுக்கு ஒத்துக்கவே இல்லையே" என்று அழுவதைப் பார்க்கவே முடியவில்லை.

பேசி முடித்துக்கொள்ளலாமா? தாராளமாக. அதுதான் எல்லாவற்றையும்விட வேகமான வழி. ஆனால் கோயில் தலைவர் முன்னாலோ, இரு வீட்டுப் பெரியவர்கள் முன்னாலோ வாயால் பேசி முடித்ததை நீதிமன்றம் அமல்படுத்தாது. பேசியதை ஒப்புதல் உத்தரவாக நீதிமன்றத்தில் பதிந்துவிட்டால் அதற்கு உத்தரவின் பலம் வந்துவிடும். அப்புறம் ஒரு எச்சரிக்கை. "பிள்ளையை நீயே வச்சுக்கோ, ஆனா காசு கேட்க மாட்டேன்னு எழுதிக் குடு" என்று கேட்பவர்கள் உண்டு. சண்டை முடிந்தால் போதும் என்று களைத்துப்போய்க் கையெழுத்துப் போட்ட தாய்மார்களும் உண்டு. அப்படிப் போட்டிருந்தாலும் கதவு மூடிவிடவில்லை. பிள்ளையின் பராமரிப்பு பற்றிய ஒப்பந்தத்தை, அதில் என்ன எழுதியிருந்தாலும், பிள்ளையின் நலனுக்காக மாற்ற நீதிமன்றத்துக்கு அதிகாரம் உண்டு. சட்டம் 164இன் 97ஆம் பிரிவு இதைச் சொல்கிறது.

வழக்கறிஞருக்குக் கொடுக்கப் பணம் இல்லாதவர்கள் சட்ட உதவித் துறைக்குப் போகலாம், மலாயில் ஜபாத்தான் பந்துவான் குவாமான். வருமானத்தைப் பார்த்துத் தகுதி முடிவாகும், பிள்ளைப் பராமரிப்பு வழக்குகளை அவர்கள் எடுக்கிறார்கள். வழக்கறிஞர் மன்றத்தின் சட்ட உதவி மையங்களும் இருக்கின்றன. போகும்போது அடையாள அட்டை, பிள்ளைகளின் பிறப்புப் பத்திரம், திருமணப் பத்திரம் இருந்தால் அது, சம்பளச் சீட்டு, மேலே சொன்ன நோட்டு எல்லாவற்றையும் ஒரே பையில் எடுத்துப் போங்கள். ஒரு தாள் குறைந்தாலும் இன்னொரு நாள் லீவு போட வேண்டியிருக்கும். பணம் வரும்வரை சமாளிக்க, சமூக நலத் துறையில், அதாவது ஜேகேஎம்மில், பிள்ளைகளுக்கான உதவித்தொகைக்கு விண்ணப்பிக்கலாம். வழக்கு நடக்கிறது என்பதால் அதைக் கேட்கக் கூடாது என்று யாரும் எண்ண வேண்டாம்.

உத்தரவு வந்துவிட்டது, இரண்டு மாதம் போட்டார், மூன்றாம் மாதம் நிறுத்திவிட்டார். அடுத்த தாமதம் இங்கே தொடங்குகிறது, பல பேர் இந்த இடத்தில்தான் சோர்ந்துபோகிறார்கள். உத்தரவை மீறினால் போலீஸ் தானாகப் போய்ப் பிடிக்கும் என்று நம்பிக் காத்திருப்பதில் பலன் இல்லை. பணம் வரவில்லை என்று நீங்கள்தான் நீதிமன்றத்துக்கு மறுபடி சொல்ல வேண்டும். 1950ஆம் ஆண்டுச் சட்டத்தின் கீழ் வந்த உத்தரவு என்றால், பாக்கியை அபராதம் வசூலிப்பது போல வசூலிக்க நீதிமன்றம் ஆணையிடலாம், அல்லது கொடுக்காத ஒவ்வொரு மாதத்துக்கும் ஒரு மாதம்வரை சிறை விதிக்கலாம். முறையான சம்பளம் வாங்குபவர் என்றால், முதலாளியே சம்பளத்தில் பிடித்து அனுப்பும்படி உத்தரவு வாங்க 1968ஆம் ஆண்டின் அமலாக்கச் சட்டம் வழி தருகிறது. பிள்ளைக்கு நிச்சயமாகப் பணம் வரும் வழி என்று பார்த்தால் இதுதான் சிறந்தது. சிறைக்குப் போனவர் அந்த மாதம் சம்பாதிக்கவும் மாட்டார். சிங்கப்பூரில் வேலை செய்கிறவர் தப்பித்துவிட்டார் என்றும் நினைக்க வேண்டாம். 1949ஆம் ஆண்டுச் சட்டம் ஒன்றின் வழியாக மலேசிய உத்தரவை அங்கே பதிந்து அமல்படுத்தக் கேட்கலாம்.

தொகை காலத்துக்கும் அப்படியே நிற்க வேண்டியதில்லை. பாலர் பள்ளியில் இருந்தபோது வந்த உத்தரவு இடைநிலைப் பள்ளிக்குப் போதாது. நிலைமை மாறியிருந்தால் கூட்டிக் கேட்கலாம், அவர் வேலை இழந்திருந்தால் அவரும் குறைத்துக் கேட்கலாம். சட்டம் 164இன் கீழ் வந்த உத்தரவு முன்பு பிள்ளைக்கு 18 வயதானதும் பொதுவாக முடிந்துவிடும், உடல் அல்லது மனக் குறைபாடு உள்ள பிள்ளைகளுக்கு மட்டும் விலக்கு. 2018 டிசம்பர் 15 முதல் நடப்புக்கு வந்த திருத்தத்தால், மேற்கல்வியோ பயிற்சியோ தொடரும் பிள்ளைக்கு அது முடியும்வரை கேட்க முடியும். பாலிடெக்னிக்கிலோ பல்கலைக்கழகத்திலோ இடம் கிடைத்த பிள்ளையை, அப்பா கொடுப்பது நின்றுவிட்டது என்று வேலைக்கு அனுப்பும் முன், இந்தத் திருத்தத்தைச் சொல்லி ஆலோசனை கேளுங்கள்.

பாக்கியை வசூலிப்பதில் ஒரு கால வரம்பு இருக்கிறது. சட்டம் 164இன் கீழ், வழக்குப் போடும் நாளுக்கு மூன்று வருடத்துக்கு முன்பே சேர்ந்துவிட்ட பாக்கியை வழக்கின் மூலம் வசூலிக்க முடியாது. மாதம் 500 வெள்ளி என்ற உத்தரவில், ஐந்து வருடமாக ஒன்றுமே வரவில்லை என்று வைத்துக்கொள்வோம். கணக்குப்படி பாக்கி 30,000 வெள்ளி. இன்று வழக்குப் போட்டால் கேட்கக்கூடியது கடைசி 36 மாதத்துக்கான 18,000 மட்டும், மற்ற 12,000 கைநழுவிப் போய்விட்டது. இன்னும் ஒரு மாதம் தள்ளிப்போட்டால் பழைய பாக்கியில் மேலும் 500 போகும். அதனால் இரண்டு, மூன்று மாதம் பணம் வராமல் போனதுமே நோட்டை எடுத்துக்கொண்டு வழக்கறிஞரையோ சட்ட உதவித் துறையையோ பார்த்துவிடுங்கள்.